வீட்டுக் கடனும் முதுமைச் சேமிப்பும்: சிங்கப்பூர் அனுபவம்

வீடமைப்பு வளர்ச்சிக் கழகம் 1964இல் வீட்டுடைமைத் திட்டத்தைத் தொடங்கியபோது முன்பணத்தையும் தவணையையும் கைப்பணமாகவே செலுத்த வேண்டியிருந்ததால், வாங்குவோர் குறைவாகவே இருந்தனர். முதுமைக்கால வைப்பாக 1955இல் உருவான மத்திய சேமநிதியை வீடு வாங்கப் பயன்படுத்த 1968இல் அனுமதித்தபின் நிலை மாறியது. தவணை சேமநிதியிலிருந்தே கழிந்ததால் கடனின் முழுவிலை கண்ணுக்குப் புலப்படாமலும் போயிற்று.

இதனை ஓர் எடுத்துக்காட்டால் விளக்குவோம். 300,000 வெள்ளிக் கடனை 2.6 விழுக்காட்டு ஆண்டு வட்டியில் 25 ஆண்டுகளில் அடைத்தால், மாதத் தவணை ஏறத்தாழ 1,361 வெள்ளி. மொத்தம் ஏறத்தாழ 408,000 வெள்ளி. அதாவது, கடனுக்கான வட்டி மட்டும் 108,000 வெள்ளி. அத்தவணைகள் 2.5 விழுக்காட்டு வட்டியுடன் சேமநிதியிலேயே தங்கியிருப்பின் 560,000 வெள்ளியைத் தாண்டியிருக்கும். இவ்விரு தொகைகளின் இடைவெளியே கடன் பத்திரத்தில் இடம்பெறாத விலையாகும். வீட்டை விற்போர், எடுத்த தொகையை உரிய வட்டியுடன் தம் சேமநிதிக் கணக்கிற்கே திருப்பிச் செலுத்த வேண்டும் என்னும் விதி இவ்வுண்மையையே உணர்த்துகிறது.

மிஞ்சிய வாடகையும் வீட்டின் மதிப்புயர்வும் இவ்விழப்பை ஈடுசெய்யலாம். ஆயினும், வீட்டுடைமையின் வெற்றியை மதிப்பிடுங்கால் முதுமை ஈந்த பங்கையும் கணக்கிற்கொள்ளுதல் வேண்டும் என்பதே நம் கருத்து.