ஏலமலைச் சரிவும் சமுதாய வானொலியும்: பழங்குடியினரின் ஒலிபரப்பு உரிமை

முன்னுரை

போடிநாயக்கனூருக்கு மேற்கே குரங்கணி, கொட்டகுடி வழியாக உயரும் ஏலமலைச் சரிவுகளில் முதுவர், பளியர் முதலிய பழங்குடியினர் வாழ்கின்றனர். முதுவர் மதுரைப் பகுதியிலிருந்து மலையேறியவர் என்னும் வாய்மொழி வழக்கை எட்கர் தர்ஸ்டன் 1909இல் வெளியிட்ட தென்னிந்தியக் குலங்கள் பற்றிய தொகுதிகளில் பதிவுசெய்துள்ளார். தமிழோடு நெருங்கிய உறவுடைய அவர்தம் பேச்சுக்குத் தனி எழுத்து மரபு இல்லை. இத்தகைய மொழி பொதுவெளியை அடைய அச்சைவிட வானொலியே ஏற்றது. அவ்வானொலி யாருடைய பெயரில் இயங்குகிறது என்பதைச் சட்ட வரலாற்றின்வழி இக்கட்டுரை ஆராய்கிறது.

மலைக்கோபுரமும் சமவெளிச் செவிகளும்

அகில இந்திய வானொலியின் கொடைக்கானல் பண்பலை, மலையின் உயரத்தால் தென்மாவட்டச் சமவெளிகளில் பரவலாகக் கேட்கப்படுகிறது. பண்பலை அலைகள் பெரும்பாலும் நேர்கோட்டில் செல்பவை. ஆதலால் திறந்த சமவெளியில் தெளிவாக ஒலிப்பது, முகடுகள் மறைக்கும் பள்ளத்தாக்கில் தேய்ந்துவிடுகிறது. 1956ஆம் ஆண்டு மாநில மறுசீரமைப்பில் தேவிகுளம், பீர்மேடு வட்டங்கள் கேரளத்திலேயே அமைந்தன. ஒரே மலைத்தொடரில் வாழ்ந்த முதுவர் இரு மாநிலத்தவராகவே நீடித்தனர். மலையின் உள்மடிப்புகளுக்குச் சிறு ஒலிபரப்பிகளே பொருந்தும்.

உரிமத்தின் வரலாறு

அலைக்கற்றை பொதுச்சொத்து என உச்சநீதிமன்றம் 1995இல் தீர்ப்பளித்தது. 2002ஆம் ஆண்டுக் கொள்கை கல்வி நிறுவனங்களுக்கு மட்டுமே வழிதிறந்தது; அதன்படி 2004இல் அண்ணா பல்கலைக்கழகத்தில் நாட்டின் முதல் வளாக வானொலி தொடங்கியது. 2006ஆம் ஆண்டு வழிகாட்டு நெறிகள் இலாபநோக்கற்ற அமைப்புகளையும் அனுமதித்தன. ஒலிபரப்பாற்றல் பொதுவாக 100 வாட்டாக வரையறுக்கப்பட்டது. நிகழ்ச்சிகளில் பாதியேனும் உள்ளூர் மக்களின் பங்கேற்புடன் உருவாக வேண்டும். நிலையத்தின் உரிமையும் நிர்வாகமும் அச்சமுதாயத்தைப் பிரதிபலிக்க வேண்டும். ஆனால் விண்ணப்பிக்கும் அமைப்பு பதிவுபெற்றதாகவும் மூன்றாண்டுச் சேவை அனுபவமுடையதாகவும் இருத்தல் வேண்டும். இவ்விரு விதிகளுக்கும் இடையே முரண் உள்ளது. மூத்தோர் கூடி முடிவெடுக்கும் மலைக்குடி, பதிவேட்டில் இடம்பெறாதவரை உரிமம் கோர இயலாது.

நடைமுறைச் சான்றுகள்

நீலகிரியில் ரேடியோ கோத்தகிரியைக் கீஸ்டோன் அறக்கட்டளை நடத்துகிறது. தமிழுடன் பழங்குடி மொழிகளும் அதில் ஒலிக்கின்றன. வயநாட்டில் 2009இல் தொடங்கிய ரேடியோ மாற்றொலி, வயநாடு சமூக சேவைச் சங்கத்தின் முயற்சி. பழங்குடியினர் இவற்றில் பங்கேற்கின்றனர். எனினும் உரிமம் இடைநிலை அமைப்புகளிடமே உள்ளது. இன்றைய தெலங்கானாவின் மாச்சனூரில் 2008இல் தொடங்கிய சங்கம் வானொலியின் உரிமமும் தக்காண வளர்ச்சிக் கழகத்தின் பெயரில்தான் உள்ளது. ஆயினும் அதன் அன்றாட ஒலிபரப்பைத் தலித் பெண்களே நடத்துவதால், நிர்வாகத்தைச் சமுதாயத்திடம் ஒப்படைப்பது இயலும் என்பது விளங்குகிறது.

முடிவுரை

பழங்குடியினருக்கான வானொலியும் பழங்குடியினரின் வானொலியும் ஒன்றல்ல. முன்னதில் அவர்கள் குரல் தருவர். பின்னதில் எது ஒலிக்க வேண்டும் என்பதையும் அவர்களே முடிவுசெய்வர். அமைப்பின் நிதியோ முன்னுரிமையோ மாறினால் முன்னது நின்றுவிடக்கூடும். 2006ஆம் ஆண்டு நம்முன் பன்முக ஒலிபரப்பின் கதவைத் திறந்தது. பழங்குடியின் மரபுவழி அவையையே விண்ணப்பதாரராக ஏற்கும் திருத்தம் வந்தால்தான் ஏலமலைச் சரிவின் பேச்சு அக்கதவு வழியே உரிமையுடன் நுழையும்.