விளக்கும் குடமும்: 1982ஆம் ஆண்டு வாக்கெடுப்பும் மானிப்பாய்த் தொகுதியும்

தேர்தல் என்பது தேர்ந்துகொள்ளுதல். இருவர் நின்றாலன்றி அதற்கு இடமில்லை. ஆயினும் ஒருவரையே நிறுத்தி, அவர் வேண்டுமா வேண்டாவா என்று குடிமக்களை வினவும் வழக்கம் சில நாடுகளிற் பயின்றுவந்துள்ளது. எகிப்தில் 1956இல் நாசரும், சிரியாவில் 1971இல் ஹபீஸ் அல் அசாத்தும் இம்முறையால் நூற்றுக்கு 99க்கு மேற்பட்ட வாக்குகளைப் பெற்றனர்.

இலங்கையில் 1982 டிசம்பர் 22ஆம் நாள் நிகழ்ந்த சர்வசன வாக்கெடுப்பை இவ்வினத்தோடு சேர்த்தெண்ணுதல் தகும். அங்கே ஒரு வேட்பாளராவது நின்றார், இங்கே ஒருவருமிலர். 1977இல் தெரிவான பாராளுமன்றம் பொதுத்தேர்தலின்றி 1989 ஆகஸ்ட் வரை நீடிக்கலாமா என்பதே வினா. ஆம் என்பார்க்கு விளக்கு. அன்று என்பார்க்குக் குடம். இரண்டும் மங்கலப் பொருள்களே!

நீடிப்பின் காரணம் மறைபொருளன்று. 1977இல் ஐக்கிய தேசியக் கட்சி 168 ஆசனங்களுள் 140ஐக் கைப்பற்றியிருந்தது. 1982 ஒக்டோபரிற் சனாதிபதித் தேர்தலில் வென்ற ஜே. ஆர். ஜயவர்த்தனா பெற்றதோ நூற்றுக்கு 53 அளவே. விகிதாசார முறையில் அவ்வளவே பொதுத்தேர்தலிலுங் கிடைப்பின், யாப்பைத் திருத்துதற்கு வேண்டிய மூன்றில் இரண்டு பெரும்பான்மை கைநழுவும். எதிரணித் தலைவியார் ஸ்ரீமாவோ பண்டாரநாயக்காவின் குடியியலுரிமை 1980இலேயே பறிக்கப்பட்டிருந்தது. ஆளுங்கட்சி உறுப்பினரிடம் நாட்குறிப்பிடாத பதவிவிலகற் கடிதங்கள் முன்னரே பெறப்பட்டன. வாக்கெடுப்பும் அவசரகால நிலையிலேயே நடந்தது.

நாடளாவில் நூற்றுக்கு 54 பேருக்குச் சற்று மேற்பட்டோர் விளக்குக்கு வாக்களித்தனர். மானிப்பாயை உள்ளடக்கிய யாழ்ப்பாண மாவட்டத்திலோ நூற்றுக்கு 91 அளவினர் குடத்தையே தெரிந்தனர். அச்சமும் நெருக்கடியும் சூழ்ந்த வேளையில் இத்துணைத் தெளிவான மறுப்பு எளிதன்று. ஆயின் முழுநாட்டுக் கணக்கில் அது கரைந்தொழிந்தது. தென்னிலங்கையில் ஆளுங்கட்சி பின்னடைந்த தொகுதிகள் பலவற்றிலாவது 1983 மே மாதத்தில் இடைத்தேர்தல் வந்தது.

வடக்கிற்குக் கிடைத்தது வேறு. 1983 ஆகஸ்டில் நிறைவேறிய ஆறாந் திருத்தம், தனிநாட்டுக் கோரிக்கையைக் கைவிடும் சத்தியத்தை உறுப்பினர்மீது விதித்தது. தமிழர் விடுதலைக் கூட்டணியினர் அதனைச் செய்யாது ஆசனங்களை இழந்தனர். மானிப்பாயின் உறுப்பினர் வி. தருமலிங்கமும் அவர்களுள் ஒருவர். 1985 செப்டெம்பரில் அவர் கடத்திக் கொல்லப்பட்டார். பாராளுமன்றம் நீளவேண்டா என்ற மக்களுக்கே அந்நீண்ட பாராளுமன்றத்தில் நாவில்லாது போயிற்று. 1989 பெப்ரவரியிற் பொதுத்தேர்தல் வந்தபோது, மானிப்பாய் தனித்தொகுதியாகவன்றி யாழ்ப்பாணத் தேர்தல் மாவட்டத்தின் ஒரு பகுதியாகவே வாக்களித்தது.