பாலும் தைலமும்: புதுக்கோட்டையின் இரு மரப்பெயர்கள்

புதுக்கோட்டை மாவட்டத்துச் செம்மண் பூமியில் பயணம் செய்கிறவர் இரண்டு வகைக் காடுகளைக் கடந்து போகிறார். ஒன்று அய்யனாருக்கென்று விடப்பட்ட கோயில்காடு. மற்றொன்று வரிசை பிடித்து நட்ட தைலமரக்காடு. முன்னதில் காரை, காயா, புரசு, வீரை என்று பல மரங்களுக்கிடையே பாலை தலையெடுத்து நிற்கும். பின்னதில் தைலமரம் மட்டுமே. இவ்விரண்டையும் நீர்க்கணக்கிலும் வருமானக் கணக்கிலும் ஒப்பிட்டுப் பேசியவர்கள் பலர். இங்கே நாம் ஒப்பிடப்போவது இவற்றின் பெயர்களை. அந்தப் பெயர்கள் எங்கெல்லாம், எதற்கெல்லாம் வழங்குகின்றன என்பதை.

பாலையின் இலை தடித்தது, தோல் போன்றது. நுனியில் சிறு பள்ளம் விழுந்திருக்கும். அதைக் காம்போடு கிள்ளினால், கிள்ளிய இடத்தில் வெள்ளையாக ஒரு துளி திரளும். அந்தப் பால்தான் மரத்துக்குப் பெயர். தைலமரத்தின் இலை நீண்டு, அரிவாள் போல வளைந்து, காம்பிலிருந்து கீழ்நோக்கித் தொங்கும். அதைக் கசக்கினால் உள்ளங்கையில் பிசுபிசுப்பும் மூக்கில் நெடியும் ஏறும். அந்த எண்ணெய்தான் இதற்குப் பெயர். மரத்தின் முதன்மைப் பயன் கட்டையில் இருக்க, இரண்டுமே தம்முள் சுரக்கும் நீர்மத்தால் பெயர் பெற்றன. இது முதல் ஒற்றுமை. பால் என்னும் அடையாளம் தமிழுக்கு மட்டும் உரியதும் அன்று. வடநாட்டில் இதே மரத்தை ‘கிர்னி’ என்கிறார்கள். அந்தச் சொல்லின் வேரில் இருப்பது க்ஷீரம், அதாவது பால். தைலம் என்ற சொல்லின் வேரில் இருப்பதோ திலம், அதாவது எள். ‘எண்ணெய்’ என்னும் நம் சொல்லும் எள்ளின் நெய்தான். எள்ளின் பெயரை ஆஸ்திரேலியாவிலிருந்து வந்த மரம் சுமந்துகொண்டிருக்கிறது.

அடுத்து வருவது ஒரு வேற்றுமை. பாலை என்பது ஒரு பெயர், பல மரம். தைலமரமோ ஒரு மரம், பல பெயர். புதுக்கோட்டைக் கோயில்காடுகளில் நிற்பது உலக்கைப்பாலை. தாவரவியலார் மணில்காரா ஹெக்சாண்ட்ரா என்பார்கள். புதர்க்காடுகளில் நிற்கும் வெட்பாலை வேறொரு குடும்பம். ஏழிலைப்பாலை அந்தக் குடும்பத்திலேயே இன்னொரு மரம். கிள்ளினால் பால் வரும் என்ற ஒரே தகுதியில் இவை ஒரு பெயருக்குள் கூடின. தைலமரத்தின் கதை நேர் எதிர். நூல் அதை யூகலிப்டஸ் என்கிறது, அரசாணை தைலமரம் என்கிறது, ஊரில் பலர் ‘ஆர்.எஸ்.பதி’ என்கிறார்கள். நீலகிரித் தைலப் புட்டியின் வணிகப்பெயர் அது. கிராமத்துப் பெரியவர் ஒருவர் “இந்த ஆர்எஸ்பதி வந்துதான் காடு போச்சு” என்று சொல்லும்போது, தான் ஒரு மருந்துக் கம்பெனியின் பெயரைச் சொல்வதாக அவர் நினைப்பதில்லை. அவருக்கு அது மரத்தின் பெயர், வேம்பு, புளி போல.

மரத்துக்கும் நிலத்துக்கும் இடையே பெயர்கள் நடந்த திசையும் இப்படியே எதிரெதிராக அமைந்திருக்கிறது. ஐந்திணைகளும் தாவரங்களால் பெயர் பெற்றவை. பாலை என்னும் மரம் ஒரு நிலத்துக்கும், அந்த நிலத்தின் பிரிவு என்னும் உணர்வுக்கும், ஒரு யாழுக்கும், ஒரு பண்ணுக்கும் தன் பெயரைக் கொடுத்தது. அந்தத் திணைக்குப் பெயர் தந்தது எந்தப் பாலை என்பதில் அறிஞர்களிடையே ஒரே கருத்து இல்லை. வெட்பாலை என்பார் உண்டு, உலக்கைப்பாலை என்பாரும் உண்டு. எதுவானாலும் மரத்திலிருந்து நிலத்துக்குப் போன பெயர் அது. தைலமரத்துக்கு நடந்ததோ தலைகீழ். 1843ஆம் ஆண்டையொட்டி நீலகிரியில் ஆங்கிலேயர் இந்த மரத்தை விறகுத் தேவைக்காகக் கொண்டுவந்து நட்டார்கள். மலையில் தைலத் தொழில் வளர்ந்தது. பிறகு கன்னடத்திலும் இந்தியிலும் குஜராத்தியிலும் மரத்துக்கே ‘நீலகிரி’ என்று பெயராகிவிட்டது. நிலம் மரத்துக்குப் பெயர் தந்தது. ஆலங்குடி, இலுப்பூர் என்று மரப்பெயர்களால் ஊர்களை அழைக்கும் மாவட்டத்துக்கு, ஒரு மலையின் பெயரால் அழைக்கப்படும் மரம் வந்து சேர்ந்திருக்கிறது.

வந்து சேர்ந்த காலமும் கவனிக்கத்தக்கது. திருச்சி, தஞ்சை மாவட்டங்களிலிருந்து பகுதிகளைப் பிரித்துப் புதுக்கோட்டை மாவட்டம் உருவானது 1974 ஜனவரி 14 அன்று. தைலமரத்தைப் பெருமளவில் இங்கே நட்டு வளர்க்கும் தமிழ்நாடு வனத்தோட்டக் கழகம் தொடங்கப்பட்டதும் அதே 1974இல்தான். மாவட்டமும் கழகமும் ஒத்த வயது.

இனி, பெயர் சொல்வதும் மரம் செய்வதும் பொருந்துகின்றனவா என்று பார்ப்போம். பாலை என்றவுடன் தமிழ் படித்தவர் மனத்தில் வெயிலும் வறட்சியும்தான் எழும். முல்லையும் குறிஞ்சியும் தம் இயல்பு திரிந்து பாலையாகும் என்பது சிலப்பதிகாரம் தரும் விளக்கம். ஆனால் உலக்கைப்பாலை ஒரு பசுமைமாறா மரம். சோழமண்டலக் கரையின் காடுகளை வனவியலார் ‘வெப்பமண்டல உலர் பசுமைமாறாக் காடு’ என்ற தனி வகையில் வைக்கிறார்கள். வடகிழக்குப் பருவமழையின் சில வாரங்களை நம்பி, மற்ற மாதங்களின் வெயிலில் இலை உதிர்க்காமல் நிற்கும் காடு அது. அதன் முதன்மையான மரங்களில் ஒன்று பாலை. கோடியக்கரையில் அது பெருங்கூட்டமாக நிற்கிறது. புதுக்கோட்டையில் கோயில்காடு கோயில்காடாகச் சிதறி நிற்கிறது. சித்திரை வெயிலில் அந்தக் காட்டுக்குள் நுழைந்தவருக்குத் தெரியும், நிழல் அங்கே எவ்வளவு அடர்த்தியானது என்று. கோடையில் பழுக்கும் மஞ்சள் பாலைப்பழம் தேனாக இனிக்கும். தின்றபின் உதட்டில் பால் ஒட்டும். வறட்சியின் பெயரைத் தாங்கிய மரம் நிழலும் பழமும் தருகிறது.

தைலமரத்தின் பெயரும் இந்த மாவட்டத்தில் அதன் பயனைச் சொல்வதில்லை. நீலகிரித் தைலம் குளிர்ந்த மலையில் வளரும் குளோபுலஸ் இனத்தின் இலையிலிருந்து வடிப்பது. புதுக்கோட்டைச் சமவெளிக்கு வந்தது டெரிடிகார்னிஸ் என்னும் வேறோர் இனம். இங்கே தோட்டம் போட்டது தைலத்துக்காக அன்று, காகிதக் கூழுக்கான கட்டைக்காக. ஐந்தாறு ஆண்டுகளில் வெட்டி, அந்த இடத்திலேயே பட்டை உரித்து, லாரியில் டன் கணக்கில் ஏற்றி ஆலைக்கு அனுப்புகிறார்கள். வெட்டிய அடிக்கட்டை மறுபடி துளிர்க்கிறது, மறுபடி வெட்டுகிறார்கள். இலை தரையில் உதிர்ந்து காய்கிறது.

உண்மையான தைலம் எங்கிருந்து வருகிறது என்று தேடினால்தான் எதிர்பாராத உறவு தென்படுகிறது. சித்த மருத்துவத்தில் காளாஞ்சகப்படை என்னும் தோல்நோய்க்குப் பெயர்பெற்ற மருந்து வெட்பாலைத் தைலம். செய்முறை எளிது. வெட்பாலை இலையைக் கிள்ளித் தேங்காய் எண்ணெயில் போட்டு வெயிலில் வைக்க வேண்டும். அடுப்பே வேண்டாம். நாளாக ஆக எண்ணெய் கருஞ்சிவப்பேறி ஊதாவாகிறது. அந்த இலைக்குள் நீலச்சாயம் தரும் பொருள் இருப்பதுதான் காரணம். வெட்பாலையிலிருந்து ஒரு காலத்தில் துணிக்கு நீலம் எடுத்ததும் உண்டு. ஆக, தைலம் தருவது பாலை. நீலம் தருவதும் பாலை. நீலகிரி என்றும் தைலமரம் என்றும் பெயர் பெற்றதோ மற்றொன்று.

இந்த இடமாற்றத்தின் மறுபாதியை உழவர்கள் பேச்சில் கேட்கலாம். தைலமரக்காட்டில் புல் முளைப்பதில்லை, கிணறு வற்றுகிறது, மழைநீரைத் தேக்கத் தோட்டங்களைச் சுற்றிப் போட்ட வரப்புகளால் கண்மாய்க்கு வரத்து நின்றுபோனது என்பது புதுக்கோட்டை விவசாயிகள் நெடுங்காலமாகச் சொல்லிவரும் குறை. இந்த மரங்களை அகற்றிப் பழைய மரங்களை வளர்க்க வேண்டும் என்று அவர்கள் போராடியும் இருக்கிறார்கள். இயல்பு திரிந்த முல்லை என்று சிலப்பதிகாரம் எதைச் சொன்னதோ அதையே அவர்கள் கண்ணால் கண்டு சொல்கிறார்கள். எதிர்த்தரப்பையும் கேட்கத்தான் வேண்டும். வேறெதுவும் எளிதில் பிழைக்காத செம்புறாங்கல் மேட்டில் இந்த மரம் நின்றது. குடிக்கும் நீருக்கு ஈடாக மற்ற மரங்களைவிட விரைவாகக் கட்டை தருகிறது என்று வனவியலாரில் ஒரு சாரார் வாதிடுகிறார்கள். வெட்டு நடக்கும் மாதங்களில் கூலியும், விழுந்த சுள்ளியில் அடுப்பெரிப்பும் கிடைக்கின்றன. எனக்குத் தோன்றுவது இதுதான்: கட்டைக்குத் தந்த விடை சரியாக இருக்கலாம், கண்மாய்க்குத் தரவேண்டிய விடை இன்னும் பாக்கி. ஒரு மாவட்டத்தின் நீர் கண்மாயில்தான் இருக்கிறது என்பதால் இந்தப் பாக்கி சிறியதன்று.

கட்டைகளை அருகருகே வைத்தால் வேற்றுமை கூர்மையாகிறது. பாலை மெல்ல வளர்ந்து வைரம் பாய்வது. அதன் வைரக்கட்டை செம்பழுப்பு நிறம், தண்ணீரில் போட்டால் மூழ்கும் கனம். நெல் குத்தும் உலக்கைக்கு வேண்டியது அந்தக் கனம்தான். தூக்குவது மட்டுமே கையின் வேலை, இறங்கும்போது குத்துவது கட்டையின் வேலை. அடியில் இரும்புப் பூண், நடுவில் கைபட்டுத் தேய்ந்து வழவழத்த இடுப்பு. அரிசி ஆலைகள் வந்தபின் குத்தும் வேலை போய்விட்டாலும், பெண் பிள்ளைகளின் பூப்புச் சடங்கில் குடிசை வாசலில் குறுக்கே கிடத்த இன்றும் உலக்கை தேடுகிறார்கள். தைலமரக்கட்டைக்கு வைரம் பாய நேரம் தரப்படுவதில்லை. காயும்போது முனை வெடிக்கும், முறுக்கும். தச்சர்கள் அதை விரும்புவதில்லை. நேராக வளர்வதால் கொட்டகைக் கம்புக்கும் கட்டடத்தில் முட்டுக் கொடுக்கவும் உதவுகிறது. மிச்சமெல்லாம் கூழாகிக் காகிதமாகிறது. ஒரு கட்டை அதன் கனத்துக்காகவே மதிக்கப்பட்டது. மற்றொன்று கட்டை என்ற உருவையே இழந்த பிறகுதான் பயனாகிறது.

காகிதம் என்றதும் குளமங்கலம் நினைவுக்கு வருகிறது. கீரமங்கலத்துக்கு அருகே உள்ள அந்த ஊரின் அய்யனாருக்குப் பெயர் பெருங்காரையடி மீண்ட அய்யனார். கோயில்காட்டு மரமான காரை சாமியின் பெயரிலேயே நிற்கிறது. மாசிமகத் திருவிழாவில் அங்குள்ள பிரம்மாண்டமான குதிரைச் சிலைக்கு நேர்த்திக்கடனாகச் சார்த்துவது காகிதப்பூ மாலைகள், ஆயிரக்கணக்கில். குதிரையின் கழுத்திலிருந்து கால்வரை காகிதம் தொங்கும். மரத்தின் பெயரைக் கொண்ட சாமிக்கு மரக்கூழில் செய்த பூ. கோயில்காட்டில் ஒரு கொம்பும் ஒடிக்கக் கூடாது என்ற கட்டுப்பாடும், வெட்டிக் கூழாக்கவே வளர்த்த காடும், அந்தக் குதிரையின் காலடியில் பகையின்றிச் சந்திக்கின்றன.

உறவுமுறையைத் துருவினால் இன்னொரு வியப்பு. உலக்கைப்பாலையின் குடும்பத்தில் வருவது இலுப்பை. விதையை ஆட்டினால் விளக்கெரிக்க எண்ணெய் தரும் மரம் அது. தைலமரத்தின் குடும்பத்தில் வருவது நாவல். இந்தத் துணைக்கண்டத்துக்கே நாவலந்தீவு என்று பெயர் தந்த மரம் அது. அதாவது, எண்ணெய் தருவது பாலையின் பங்காளி. பாலை ஒரு திணைக்குச் செய்ததைப் போல நிலத்துக்குப் பெயர் தந்தது தைலமரத்தின் பங்காளி. அந்நியம் என்று நாம் கருதும் மரத்துக்கு, ஆடியில் நம் பிள்ளைகளின் நாக்கை ஊதாவாக்கும் மரம் உறவு. இலுப்பையும் நாவலும் நம் கண்மாய்க் கரைகளுக்குப் பழகியவை. அவற்றில் எதையும் நட வேண்டாம் என்று எந்த உழவரும் கேட்டதில்லை.

நாற்றங்காலில் இவ்விரு மரங்களும் நடத்தப்படும் விதத்தையும் சொல்ல வேண்டும். தைலமரத்தின் இளங்கொம்பைத் துண்டாக்கி வேர்விட வைத்துத் தாயைப் போலவே இருக்கும் கன்றுகளை ஆயிரக்கணக்கில் எடுக்கிறார்கள். சில மாதங்களில் நடவுக்குத் தயார். பாலையை விதையிலிருந்து வளர்க்கிறார்கள், பெரும்பாலும் பாலைக்காக அன்று. மெக்சிகோப் பக்கத்திலிருந்து வந்த சப்போட்டாவும் மணில்காரா பேரினமே. கிள்ளினால் அதிலும் பால். வறட்சி தாங்கும் வேர் வேண்டும் என்பதால் பாலைக் கன்றின் மேல் சப்போட்டாவை ஒட்டுக் கட்டுகிறார்கள். தண்டு ஒட்டுக்கேற்ற பருமன் அடைய ஆண்டுக்கணக்கில் காத்திருக்க வேண்டும். ஒட்டு பிடித்ததும் பாலையின் தலையை வெட்டிவிடுவார்கள். தோட்டத்தில் நட்டபின் பாலை தன் வேரிலிருந்து துளிர்விட்டால் அதையும் கிள்ளிவிடச் சொல்லி, நாற்றங்காலிலேயே எச்சரித்து அனுப்புவது வழக்கம்.