இன்புளி

போன தைப்பொங்கலுக்கு ரிஷிவந்தியம் வந்த என் மருமான், சென்னையிலிருந்து தன் துணிமணிகளோடு ஒரு கண்ணாடிப் புட்டியையும் கொண்டுவந்தான். உள்ளே, முற்றக் காய்ச்சிய வெல்லப் பாகைப் போல் கருஞ்சிவப்பாக ஒரு திரவம். வெளியே தீ ஜ்வாலை எழுதிய லேபிள். "பார்பெக்யூ சாஸ், மாமா! நெருப்பில் சுட்ட கறிமேலே தடவிச் சாப்பிடணும்" என்றான். விலையையும் சொன்னான். அதை நான் அம்மாவிடம் சொல்லவில்லை. பண்டிகை நாளில் வீட்டில் சச்சரவு எதற்கு?

அம்மா ஒரு சொட்டை விரல் நுனியில் தொட்டு நாக்கில் வைத்தாள். சிறிது நேரம் கண்ணை மூடிக்கொண்டிருந்தாள்.

"ஏண்டா கண்ணு, இது நம்ம புளிதானே?"

மருமான் புட்டியைத் திருப்பி, எறும்பு ஊர்ந்ததுபோல் அச்சடித்திருந்த எழுத்துக்களை வாசித்தான். தக்காளி, சர்க்கரை, காடி என்று போய்க் கடைசி வரிக்கு முந்திய வரியில் புளி இருந்தது.

"ஆமாம் ஆயா, போட்டிருக்கான்."

"இதை இந்த வீட்டிலேயே செய்திருக்கேண்டா. உங்கம்மா பிறக்கறதுக்கு முந்தி. கடையிலே விக்கிறானா இதை?" என்று கேட்டுவிட்டு அம்மா அடுப்படிக்குப் போய்விட்டாள்.

இந்தக் கட்டுரை அங்கேதான் பிறந்தது. ஆராய்ச்சி என்று இதைச் சொல்லிக்கொள்ள எனக்கு யோக்கியதை இல்லை. கதை எழுதுகிறவனுக்கு ஒரு புட்டியைக் காட்டினால் அதற்குள் யார் யார் இருக்கிறார்கள் என்று பார்க்கத் தோன்றும், அவ்வளவுதான்.

'பார்பெக்யூ' என்ற சொல் கரீபியன் தீவுகளில் பிறந்தது. அங்கேயிருந்த பூர்வ குடிகள் பச்சைக் கழிகளால் பரண் கட்டி, கீழே நெருப்பிட்டு, மேலே மீனையும் இறைச்சியையும் வாட்டினார்கள். அந்தப் பரணுக்குப் பெயர் 'பார்பகோவா'. ஸ்பானியர் அதைக் காதால் கேட்டுத் தங்கள் வாயால் சொன்னார்கள். தீவுக்காரர்கள் வெகு சீக்கிரத்தில் அழிந்து போனார்கள். அவர்களுடைய பரண் மட்டும் உலகமெல்லாம் சுற்றிக்கொண்டிருக்கிறது. இப்படி, ஆள் போய்ச் சொல் நிலைப்பது சரித்திரத்தில் அடிக்கடி நடக்கிற அநியாயம்.

பரண் அங்கே பிறந்தது சரி, புளி எப்படி அந்தப் புட்டிக்குள் போயிற்று? இங்கிலாந்தில் உஸ்டர் என்று ஓர் ஊர். அங்கே லீ, பெரின்ஸ் என்று இரண்டு மருந்துக் கடைக்காரர்கள் 1837இல் ஒரு சாஸ் விற்க ஆரம்பித்தார்கள். வங்காளத்தில் கவர்னராக இருந்த ஒரு பிரபு கொண்டுவந்த குறிப்பின்படி செய்தார்கள் என்றும், வாயில் வைக்க முடியாமல் நிலவறையில் போட்டு மறந்துவிட்டார்கள் என்றும், பல நாள் கழித்துத் திறந்தால் அமிர்தமாக இருந்தது என்றும் ஒரு கதை உண்டு. கதை அழகானதுதான். ஆனால் அந்தப் பெயருள்ள பிரபு எவரும் வங்காளத்தில் கவர்னராக இருந்ததில்லை! பிரபு பொய், புளி மெய். காடி, வெல்லப்பாகு, நெத்திலி வகை மீன், வெங்காயம், பூண்டு இவற்றோடு புளியும் அதில் இன்றுவரை சேருகிறது. அமெரிக்காவில் சுட்ட இறைச்சிக்குச் சாஸ் காய்ச்சுகிறவர்கள் பலர் இந்த உஸ்டர் சாஸை ஒரு கை ஊற்றிக்கொள்கிறார்கள். நம் புளி இப்படிக் கப்பலேறி இங்கிலாந்து போய், மறுபடி கப்பலேறி அமெரிக்கா போய், தக்காளியோடு சம்பந்தம் செய்துகொண்டு, இப்போது ரிஷிவந்தியத்துக்கு விருந்தாளியாக வந்திருக்கிறது.

இன்னொருவர் நாட்டிங்ஹாமில் மளிகைக் கடை வைத்திருந்த கார்ட்டன். புளியும் பேரீச்சம்பழமும் சேர்த்து அவர் செய்த சாஸுக்கு 1895இல் 'எச்.பி.' என்று பெயர் பதிந்தார். கடன் தொல்லை. காடி செய்யும் கம்பெனிக்காரர் ஒருவருக்குக் குறிப்பையும் பெயரையும் 150 பவுனுக்குக் கொடுத்துக் கடனைத் தீர்த்துக்கொண்டார். அந்தப் பெயர் பிற்பாடு சம்பாதித்த பணத்தை நினைத்தால் வயிறு எரிகிறது. கார்ட்டனின் பெயரையாவது எழுதிவைத்திருக்கிறார்கள். இதை வாசகர்கள் சற்று நினைவில் வைத்துக்கொள்ள வேண்டும்.

புளிய மரத்தின் பூர்வீகம் ஆப்பிரிக்கா என்று தாவர நூலார் சொல்கிறார்கள். ஆனால் அது இங்கே வந்து எத்தனையோ காலமாகிவிட்டது. அராபிய வியாபாரிகள் அதற்கு 'தமர் ஹிந்தி', அதாவது இந்தியப் பேரீச்சை என்றே பெயர் வைத்தார்கள். ஆங்கிலப் பெயர் அதிலிருந்துதான் வந்தது.

இனி நம் வீட்டுச் சரித்திரம். மகாமகோபாத்தியாய உ.வே. சாமிநாதையர் 1889இல் பத்துப்பாட்டை நச்சினார்க்கினியர் உரையோடு அச்சேற்றினார். அதிலே சிறுபாணாற்றுப்படை என்று ஒரு பாட்டு. நல்லூர் நத்தத்தனார் பாடியது. பாட்டுடைத் தலைவன் ஓய்மானாட்டு நல்லியக்கோடன். ஓய்மானாடு எங்கே என்கிறீர்களா? திண்டிவனத்தைச் சுற்றிய சீமை. எங்கள் ஊரும் அதுவும் 1993 வரையில் ஒரே தென்னார்க்காடு ஜில்லா. பசித்த பாணர்கள் அவனைத் தேடிப் போகிற வழியில், கடற்கரை ஊரில் நுளையர் வீட்டில் கள்ளும் சுட்ட மீனும் கிடைக்கின்றன. அடுத்து வேட்டுவர் ஊரான வேலூர். அங்கே எயிற்றியர் சமைத்த சூடான புளிச் சோறும், ஆமான் இறைச்சியைச் சுட்ட 'சூடு'ம் கிடைக்கின்றன. புளியும் சுட்ட கறியும் ஒரே இலையில்! பாட்டிலே அந்தப் புளிக்கு இருக்கும் பெயர் 'இன்புளி'. இனிப்பான புளி. இந்தச் சொல்லைப் படித்தபோது எனக்கு மருமானின் புட்டி ஞாபகம் வந்தது. மேல்நாட்டுச் சாஸுக்கு இலக்கணம் சொல்லச் சொன்னால் இதைவிடச் சுருக்கமாக யார் சொல்ல முடியும்?

மலைபடுகடாத்திலும் இதே சொல் வருகிறது. அது செங்கம் நன்னனைப் பாடியது. செங்கம் கல்வராயன் மலைக்கு வடக்கே இருக்கிறது. மலைக் குடிகள் மூங்கிலரிசியைப் புளியும் மோரும் கலந்து சமைத்து, வேட்டை இறைச்சியோடு கூத்தருக்கு இடுகிறார்கள். எயிற்றியரோ குறத்தியரோ புளியைக் கறிமேல் தடவினார்கள் என்று பாட்டு சொல்லவில்லை. நானும் அப்படிச் சாதிக்கப் போவதில்லை. சோற்றில் புளி, பக்கத்தில் சூடு. வாய்க்குள் போனபின் இரண்டும் ஒன்றுதானே!

புளிக்கு ஒரு விசேஷம் உண்டு. மற்றப் பழங்கள் பழுக்கப் பழுக்க இனிப்பு ஏறும், புளிப்பு இறங்கும். புளியில் சர்க்கரை ஏறுகிறது. டார்டாரிக் அமிலமோ கொஞ்சமும் விட்டுக்கொடுப்பதில்லை. ஒரே ஓட்டுக்குள் இரண்டு பேரும் குடித்தனம் நடத்துகிறார்கள். சுட்ட இறைச்சியின் கொழுப்பு நாக்கில் படிந்து திகட்டும்போது அந்தப் புளிப்பு வந்து துடைத்துவிடுகிறது. அடுத்த கவளம் முதல் கவளம்போல் ருசிக்கிறது.

அம்மா செய்ததைச் சொல்கிறேன். பழம்புளி கால் கிலோ. புதுப்புளி வெளுப்பாக இருக்கும், நிறம் வராது. ஒரு வருஷமாவது உப்புப் போட்டுப் பானையில் அடைத்து வைத்த கறுத்த புளிதான் வேண்டும். அரை லிட்டர் வெந்நீரில் ஒரு மணி நேரம் ஊறவைத்துக் கையால் கரைத்து, நாரும் கொட்டையும் போக வடிகட்டினாள். அடுப்பில் மண்சட்டி. பித்தளையிலோ செம்பிலோ வைத்தால் புளி உலோகத்தைத் தின்றுவிடும். நாம் புளி போட்டுப் பாத்திரம் துலக்குவது எதனால் என்று யோசித்தால் விளங்கும். சாறு கொதித்துப் பச்சை வாசனை போனதும் தூளாக்கிய வெல்லம் 200 கிராம், கல்லுப்பு, வறுத்து இடித்த மிளகும் சீரகமும், நெருப்பில் சுட்டு உரித்த பூண்டும் சின்ன வெங்காயமும் அரைத்த விழுது. மிளகாய் சேர்க்கவில்லை. "மலையிலே அப்போ மிளகுதான்" என்றாள். மிளகாயும் தக்காளியும் அமெரிக்கச் சரக்கு, போர்ச்சுக்கீசியர் காலத்தில் வந்தவை என்பதெல்லாம் அம்மாவுக்குத் தெரியாது. கை மட்டும் சரித்திரத்தை மீறவில்லை. சாறு பாதியாகச் சுண்டி, அகப்பையின் முதுகில் தடவி விரலால் கோடு இழுத்தால் கோடு மூடாமல் நின்றது. இறக்கிவிட்டாள்.

மருமான் அவசரக்காரன். கோழித் துண்டுகளில் முதலிலேயே அப்பித் தணல்மேல் வைத்தான். வெல்லம் கருகி, மேலே கரி, உள்ளே பச்சை. அம்மா அவனை ஒரு பார்வை பார்த்தாள். பிறகு வெறும் உப்பும் மஞ்சளும் தடவி முக்கால் பதம் வாட்டி, கடைசி ஐந்து நிமிஷத்தில், மயிலிறகால் மருந்து போடுவதுபோல இரண்டு தரம் பூசித் திருப்பினாள். கோழி பளபளவென்று அரக்கு நிறம் கொண்டது. மருமான் கொண்டுவந்த புட்டியை அப்புறம் யாரும் தேடவில்லை.

"யாரும்மா உனக்குச் சொல்லிக் கொடுத்தது?" என்று கேட்டேன்.

"மலைக்காரி ஒருத்தி" என்றாள்.

அம்மா கல்யாணமாகி இந்த வீட்டுக்கு வந்தது 1975இல். என் பாட்டனார் அப்போது புளி வியாபாரம் செய்துகொண்டிருந்தார். மாசி, பங்குனியில் கல்வராயன் மலையிலிருந்து மலையாளிகள், அதாவது அந்த மலைக் கவுண்டர்கள், புளியும் கடுக்காயும் தேனும் தலைச்சுமையாகக் கொண்டுவருவார்களாம். சமவெளியில் 1948ஆம் வருஷத்துச் சட்டத்தின் பேரில் ஜமீன்கள் ஒழிந்துவிட்டன. மலைமேல் மட்டும் சடைய கவுண்டன், குரும்ப கவுண்டன், ஆரிய கவுண்டன் என்ற மூன்று ஜாகீர்கள் அப்படியே இருந்தன. 1976இல்தான் அரசாங்கம் அவற்றை எடுத்துக்கொண்டது. அதுவரையில் அந்த மரத்துக்கும் மண்ணுக்கும் பாடுபட்டவன் கையில் பட்டா என்று ஒரு துண்டுக் காகிதம் கிடையாது. அதன் பிறகும் எல்லாம் சரியாகிவிட்டது என்று நினைக்க வேண்டாம். 2024இல் சென்னை உயர் நீதிமன்றம் தானாகவே வழக்கு எடுத்துக்கொண்டு அந்த மலை ஜனங்களின் நிலைமையை விசாரிக்கும்படி ஆயிற்று.

மேலே ஜாகீர்தார் என்றால், கீழே என் பாட்டனார். ஆடியிலும் ஐப்பசியிலும் மலையில் தானியம் தீர்ந்துபோகும். அப்போது இறங்கி வந்து உப்பும் கேழ்வரகும் கருவாடும் கடனாக வாங்கிப் போவார்கள். காய்க்காத மரத்தின் புளிக்கு அன்றைக்கே விலை பேசிவிடுவார் பாட்டனார். நிறுக்கிறபோது கொடுக்கிற கல் ஒன்று, வாங்குகிற கல் ஒன்று. இதை அம்மா சொன்னபோது குரலில் குற்றம் சாட்டுகிற தொனி இல்லை. மழை பெய்தது என்று சொல்வதுபோலச் சொன்னாள். நான் படித்தது அந்தக் கல்லின் வித்தியாசத்தில்தான் என்பதை இருவருமே சொல்லிக்கொள்ளவில்லை.

அந்த மலைக்காரி ஒரு பங்குனி மாதம் எங்கள் தாழ்வாரத்தில் ஐந்து நாள் தங்கிப் புளி உடைத்துக் கொட்டை தட்டினாளாம். புதுப் பெண்ணான அம்மாவுக்குக் குமட்டல், சோறு இறங்கவில்லை. அவள் ஒரு கொட்டாங்கச்சியில் புளியும் மலைத் தேனும் மிளகும் குழைத்து, தணலில் வாட்டிய ஒரு துண்டுக் கறியில் தடவிக் கொடுத்திருக்கிறாள். அம்மா அன்றைக்குத்தான் வயிறாரச் சாப்பிட்டாள். தேனுக்குப் பதில் வெல்லம் என்பது அம்மா செய்த திருத்தம். இந்த ஊரில் அர்த்தநாரீசுவரருக்குத் தேனாபிஷேகம் விசேஷம். அப்போது லிங்கத்தில் அம்பிகையின் உருவம் தெரியும் என்பது நம்பிக்கை. மலைத் தேன் வந்தால் முதலில் கோயிலுக்குத்தான் போகும்.

"அவள் பேர் என்னம்மா?"

அம்மா நெடுநேரம் யோசித்தாள். "மலைக்காரின்னுதாண்டா கூப்பிடுவோம். எனக்கு அக்கா மாதிரி இருந்தா. பேர் கேட்கலை."

பாட்டனாரின் கணக்குப் புத்தகங்கள் இரண்டு பரணில் கிடந்தன. பூச்சி அரித்தது போக மிச்சத்தைப் புரட்டினேன். 'மலைக்காரி உப்பு 2 படி' என்று பற்றுப் பத்தியில் நாலைந்து இடத்தில் இருக்கிறது. எல்லாம் ஒருத்தியா, வேறு வேறு பேரா, தெரியவில்லை. மருமான் சென்னைக்குப் புறப்பட்டபோது அம்மா ஜாடியில் பாதியை ஊற்றிக் கொடுத்தாள். ஈரக் கரண்டி போடாதே, மூன்று நாள் கழித்துத்தான் ருசி கூடும் என்று பஸ் நிறுத்தம் வரை சொல்லிக்கொண்டே வந்தாள்.