மொழிக்குடும்பமும் மூத்தவர் உரிமையும்

1934ஆம் ஆண்டு திருப்பூரில் நடந்த ஒரு வாலிபர் மாநாட்டில்தான் சி.என். அண்ணாதுரை முதன்முதலாகப் பெரியாரைச் சந்தித்தார். ஒருவர் காஞ்சிபுரத்து நெசவாளர் மரபில் பிறந்து பச்சையப்பன் கல்லூரியில் படித்த இளைஞர். மற்றவர் ஈரோட்டு வணிகக் குடும்பத்தவர். தம்மைக் கன்னடியர் என்று சொல்லிக்கொள்ளத் தயங்காதவர். காங்கிரசில் இருந்த காலத்தில் கதர் மூட்டையைத் தோளில் சுமந்து விற்றவர். அன்றைய திருப்பூரின் பெயரும் கதரோடுதான் சேர்ந்திருந்தது. அகில இந்திய நூற்போர் சங்கத்தின் தமிழ்நாட்டுக் கிளை இங்கிருந்துதான் இயங்கியது. பனியன் தொழில் அப்போதுதான் அரும்பிக்கொண்டிருந்தது.

அந்தச் சந்திப்புக்குப் பின் ஐந்தாறு ஆண்டுகளில் ‘திராவிட நாடு’ என்ற முழக்கம் பிறந்தது. தமிழும் தெலுங்கும் கன்னடமும் மலையாளமும் ஒரு குடும்பம்; ஒரு குடும்பத்தார் ஒரு நாடாக வாழலாம் என்பதே அதன் அடிப்படை. இந்த எண்ணம் நம் மண்ணில் மட்டும் முளைத்ததன்று. அதற்கு ஒரு நூற்றாண்டுக்கு முன்பே ஐரோப்பாவின் கிழக்குப் பாதியை ஆட்டிப்படைக்கத் தொடங்கிய ‘ஸ்லாவிய ஒற்றுமை’யும் இதே விதையிலிருந்துதான் எழுந்தது. இரண்டையும் பக்கத்தில் வைத்துப் பார்க்கும்போது நம் கதையின் சில முடிச்சுகள் தெளிவாகின்றன.

இரண்டுக்கும் தொடக்கம் இலக்கணப் புத்தகம். 1816இல் சென்னையில் பிரான்சிஸ் வைட் எல்லிஸ், காம்பெல் எழுதிய தெலுங்கு இலக்கணத்துக்கு ஒரு முன்னுரைக் குறிப்பு எழுதினார். தென்னிந்திய மொழிகள் சமஸ்கிருதத்திலிருந்து பிறந்தவையல்ல, தமக்குள் உறவுடைய தனிக்குடும்பம் என்று அதில் வேர்ச்சொற்களை அடுக்கிக் காட்டினார். சில ஆண்டுகள் கழித்து, 1822இல், செக் அறிஞர் யோசப் தோப்ரோவ்ஸ்கி பழைய ஸ்லாவிய மொழியின் இலக்கணத்தை வெளியிட்டார். ரஷ்யன், போலிஷ், செக், செர்பியன், பல்கேரியன் எல்லாம் எவ்வளவு நெருக்கம் என்பது படித்தவர்களுக்குப் புலப்பட்டது. 1824இல் ஸ்லோவாக்கியரான யான் கொல்லார் ஸ்லாவிய உறவைப் பாடும் நெடுங்கவிதை ஒன்றை வெளியிட்டார். 1826இல் ‘பான்-ஸ்லாவிசம்’ என்ற பெயரே வந்துவிட்டது. அதைப் புழக்கத்துக்குக் கொண்டுவந்த யான் ஹெர்க்கெலும் ஸ்லோவாக்கியர்தான். ஆஸ்திரியப் பேரரசுக்குள் ஜெர்மனும் ஹங்கேரியனும் கோலோச்ச, தம் மொழிக்குப் பள்ளிக்கூடம் கூட இல்லாத சிறிய இனத்தார் அவர்கள். பெரிய உறவினர் கூட்டம் தமக்கு உண்டு என்ற நினைப்பு எவ்வளவு தெம்பு தந்திருக்கும் என்பதைத் தமிழ் வாசகர் எளிதில் உணர முடியும்.

1848 ஜூனில் பிராக் நகரில் முதல் ஸ்லாவிய மாநாடு கூடியது. வரலாற்றறிஞர் பலாட்ஸ்கி தலைமை தாங்கினார். முந்நூற்றுக்கும் மேற்பட்ட பேராளர்கள் வந்தனர். ஆஸ்திரியப் பேரரசை, எல்லா இனத்தாருக்கும் சம உரிமையுள்ள கூட்டாட்சியாக மாற்ற வேண்டும் என்பது அவர்களில் பெரும்பாலோர் கனவு. மாநாடு முடியுமுன் தெருவில் கலகம் மூண்டது. படைத்தளபதி விண்டிஷ்கிரேட்ஸ் நகரைப் பீரங்கியால் சுட்டு அடக்கினார். நீலம், வெள்ளை, சிவப்பு என்ற மூவண்ண அடையாளம் மட்டும் மிஞ்சியது.

இதற்கு ஓராண்டு முன்பே கீயவ் நகரில் இன்னொரு சோகம் நடந்திருந்தது. 1845–46 வாக்கில் அங்கே சில உக்ரைனிய இளைஞர்கள், புனிதர்கள் சிரில், மெத்தோடியஸ் பெயரில் ஒரு சகோதரத்துவச் சங்கத்தை நிறுவினர். பெரியவர் சிறியவர் இல்லாத ஸ்லாவியக் கூட்டாட்சி, அடிமை முறை ஒழிப்பு ஆகியவை அவர்கள் கொள்கைகள். கவிஞர் ஷெவ்செங்கோவும் இந்த வட்டத்தோடு நெருங்கியிருந்தார். 1847இல் ஜார் அரசு அனைவரையும் பிடித்தது. ஷெவ்செங்கோ சாதாரணச் சிப்பாயாக மத்திய ஆசிய எல்லைக்கு அனுப்பப்பட்டார். ஸ்லாவிய ஒற்றுமையைப் பேசியவர்களை மிகப் பெரிய ஸ்லாவிய அரசே தண்டித்தது. இந்த ஒரு செய்தியை மனத்தில் இருத்திக்கொண்டால் பின்னால் வந்த ஒன்றரை நூற்றாண்டும் புரியும்.

மாஸ்கோவில் 1867இல் அடுத்த பெரிய மாநாடு கூடியபோது போலந்துக்காரர்கள் வரவில்லை. எப்படி வருவார்கள்? நான்காண்டுக்கு முன்தான் அவர்களுடைய விடுதலைக் கிளர்ச்சியை ரஷ்யா இரத்தத்தில் அடக்கியிருந்தது. அதே 1863இல் ரஷ்ய உள்துறை அமைச்சர் வலுயேவ் ஒரு சுற்றறிக்கை விட்டார்: உக்ரைன் மொழி என்று தனியாக ஒன்று இல்லை, அது ரஷ்யனின் வட்டார வழக்கே; அதில் பாடநூலும் சமயநூலும் அச்சிடக் கூடாது. 1876இல் தடை இன்னும் இறுகியது. மூத்தவர் தம்பியைப் பார்த்து ‘நீ தனி ஆள் இல்லை’ என்று சொன்ன நாளிலிருந்து அந்த வீட்டில் அமைதி போயிற்று. 2021 ஜூலையில் ரஷ்ய அதிபர் புதின் ரஷ்யரும் உக்ரைனியரும் ஒரே மக்கள் என்று நீண்ட கட்டுரை எழுதினார். 2022 பிப்ரவரி 24 அன்று ரஷ்யப் படை உக்ரைன் எல்லையைத் தாண்டியது.

இடையில் நல்ல முயற்சிகளும் இருந்தன. 1918இல் தென்ஸ்லாவியர் ஒன்று சேர்ந்து அமைத்த நாடு பின்னர் யூகோஸ்லாவியா ஆயிற்று. செக்கரும் ஸ்லோவாக்கியரும் சேர்ந்து செக்கோஸ்லோவாக்கியா கண்டனர். ஸ்லோவாக்கியர் ஒருவர் 1834இல் எழுதி, போலந்து தேசிய கீதத்தின் மெட்டை ஒட்டிப் பாடப்பட்ட பாட்டே யூகோஸ்லாவியாவின் நாட்டுப்பண்ணாக விளங்கியது. யூகோஸ்லாவியா போரில் சிதறியது. செக்கோஸ்லோவாக்கியா 1993 ஜனவரி 1 அன்று சண்டையின்றிப் பாகம் பிரிந்தது.

நம் பக்கம் திரும்புவோம். எல்லிஸ் விட்ட இடத்திலிருந்து நெடுந்தூரம் நடந்தவர் இடையன்குடியில் வாழ்ந்த ராபர்ட் கால்டுவெல். அவருடைய ஒப்பிலக்கணம் 1856இல் வந்தது. 1875இல் விரிந்த பதிப்பு. அந்த இரண்டாம் பதிப்பு 12 மொழிகளைத் திராவிடக் குடும்பத்தில் சேர்த்தது. தமிழ், மலையாளம், தெலுங்கு, கன்னடம், துளு, குடகு என்ற ஆறை நாம் நினைவில் வைத்துக்கொண்டோம். தோடா, கோத்தர், கோண்டி, கந்தர் பேசும் கூ (கூயி), ராஜ்மகால் மலைமொழி, ஓராவோன் என்ற மற்ற ஆறும் அதே நூலில் இருந்தன. அவற்றை மறந்துவிட்டோம்.

1916இல் நீதிக்கட்சியைத் தோற்றுவித்த மூவரும் மூன்று மொழியினர். நடேச முதலியார் தமிழர், டி.எம். நாயர் மலையாளி, பிட்டி தியாகராயர் தெலுங்கு பேசும் தேவாங்க நெசவாளர் மரபினர். கட்சிக்கு ஆங்கிலத்தில் ‘ஜஸ்டிஸ்’, தமிழில் ‘திராவிடன்’, தெலுங்கில் ‘ஆந்திரப் பிரகாசிகா’ என்று ஏடுகள். அந்தக் காலத்துத் திராவிட உணர்வு பல மொழியினர் ஒரே பந்தியில் அமர்ந்த உணர்வு. 1924இல் வைக்கத்தில் கோயிலைச் சுற்றிய தெருக்களில் நடக்கும் உரிமைக்காகப் பெரியார் சிறை சென்றபோது, எந்த மொழிக்காரருக்காகப் போராடுகிறோம் என்ற கணக்கே எழவில்லை.

ஆயினும் சிக்கலும் கூடவே வளர்ந்தது. 1891இல் வெளிவந்த ‘மனோன்மணீயம்’ நாடகத்தின் வாழ்த்துப்பாடல், கன்னடமும் தெலுங்கும் மலையாளமும் துளுவும் தமிழின் வயிற்றில் பிறந்த மக்கள் என்று பாடியது. எழுதிய சுந்தரம் பிள்ளை ஆலப்புழையில் பிறந்து திருவனந்தபுரத்தில் பணியாற்றியவர். அன்பால் எழுந்த கற்பனை அது. பெரியாரும் நான்கு மொழிகளும் தமிழே, இடத்துக்கு இடம் பெயர் மாறியவை என்று வாதிட்டார். ஆனால் தெலுங்கர் காதில் இது வேறு மாதிரி விழுந்தது. 1913இலேயே பாபட்லாவில் ஆந்திர மாநாடு கூடித் தனி மாகாணம் பற்றிப் பேசியாயிற்று. சென்னை மாகாணத்தில் தமிழர் கை ஓங்கியிருக்கிறது என்ற குறை அவர்களுக்கு இருந்தது. அப்படியிருக்க, ‘உன் மொழி என் மகள்’ என்று சொன்னால் யார் மகிழ்வார்?

மொழியியல் அவர்கள் பக்கமே தீர்ப்புச் சொன்னது. தமிழ் மிகப் பழைய எழுத்துச் சான்றுகளைக் காத்து வைத்திருக்கும் மொழி. அந்தப் பெருமை யாராலும் பறிக்க முடியாதது. ஆனால் தெலுங்கு அதன் மகள் அல்ல. பத்ரிராஜு கிருஷ்ணமூர்த்தி போன்றோரின் ஆய்வுப்படி தெலுங்குக்கு மிக நெருங்கிய உறவு கோண்டியும் கூயியும். அவை ஒரு கிளை. தமிழ், மலையாளம், கன்னடம், துளு இன்னொரு கிளை. எல்லாவற்றுக்கும் மூலமான மொழி அழிந்துபோயிற்று. பேசுகிற நாம் எல்லோரும் அதன் பிள்ளைகள்.

1952 டிசம்பரில், தனி ஆந்திரம் கேட்டுச் சென்னையில் 58 நாள் உண்ணாநோன்பிருந்து பொட்டி ஸ்ரீராமுலு உயிர் துறந்தார். 1953 அக்டோபர் 1 அன்று ஆந்திரம் பிரிந்தது. 1956 நவம்பர் 1 அன்று கேரளமும் கன்னட மாநிலமும் அமைந்தன. பெரியார் ‘தமிழ்நாடு தமிழருக்கே’ என்று முழக்கத்தை மாற்றிக்கொண்டார். சீனப் போருக்குப் பின் 1963இல் தி.மு.க. தனிநாட்டுக் கோரிக்கையைக் கைவிட்டது. 1970இல் மனோன்மணீயப் பாடல் தமிழ்த்தாய் வாழ்த்தாக ஆனபோது, உறவுமொழிகளைப் பிள்ளைகளாக்கிய வரிகள் விடப்பட்டன. அது நல்ல முடிவு என்றே சொல்ல வேண்டும். ஒன்றை இங்கே அழுத்திக் கூறலாம்: நம்மிடம் வலுயேவ் இல்லை. எந்தத் தெலுங்குப் புத்தகத்தையும் எந்தத் தமிழரும் தடை செய்யவில்லை. பிரிவினை பீரங்கி இல்லாமல் நடந்தது. அதனால்தான் உறவு இன்றும் உயிரோடிருக்கிறது.

இரு கதைகளையும் தம் வாழ்க்கையில் சுமந்த ஒருவர் உண்டு. செக் நாட்டில் 1927இல் பிறந்த கமில் சுவெலபில், பிராக்கில் இருந்துகொண்டு தமிழ் கற்று, திராவிட ஒப்பியலில் முன்னணி அறிஞரானார். 1964இல் உலகத் தமிழ் ஆராய்ச்சி மன்றம் தோன்ற உழைத்தோரில் அவரும் ஒருவர். 1968 ஜனவரியில் சென்னையில் இரண்டாம் உலகத் தமிழ் மாநாடு நடந்தது. அதே ஆண்டு ஆகஸ்டில் சோவியத் டாங்குகள் பிராக் தெருக்களில் இறங்கின. சுவெலபில் நாட்டை விட்டு வெளியேறி அமெரிக்காவிலும் பின்னர் நெதர்லாந்திலும் வாழ்ந்தார். திராவிட ஒலியியலை ஒப்பிட்ட அவருடைய நூல் 1970இல் வந்தது. உறவினர் படையால் வீடிழந்த ஸ்லாவியர் ஒருவர் நம் மொழிகளின் உறவை ஆராய்ந்து விளக்கினார் என்பதைத் தமிழர் நன்றியோடு நினைக்க வேண்டும்.

திருப்பூருக்கு இந்த ஆராய்ச்சியெல்லாம் வெறும் ஏட்டுச் செய்தியன்று. காதர்பேட்டையில் பனியன் மொத்த வியாபாரம் செய்பவர் கேரளத்து வியாபாரியிடம் மலையாளம் கலந்து விலை பேசுவார். உடுமலைப் பக்கத்துத் தோட்டங்களில் வீட்டுக்குள் தெலுங்கு, வாசலில் தமிழ். கொங்கு நாட்டுத் தேவாங்க நெசவாளர் வீட்டில் பெரும்பாலும் கன்னடம். அவர்கள் சௌடேஸ்வரி அம்மன் விழாவில் கத்தி போட்டு அம்மனை அழைக்கும் கூவலில் தெலுங்குச் சொல்லும் கலந்து ஒலிக்கும். இவர்களில் யாரும் ஒற்றுமைக்கு மாநாடு கூட்டியதில்லை.

இப்போது ஊருக்குள் இன்னொரு கூட்டம் வந்திருக்கிறது. பவர் டேபிள் வரிசையில் ஓவர்லாக் அடித்த பீஸ் கைமடிக்கு வரும். கைமடிப் பெண் பிசிறு வெட்டி, அடுக்கி, எண்ணி, அடுத்த மெஷினுக்குத் தள்ளுவாள். அவள் ஜார்க்கண்டின் கும்லா பக்கத்திலிருந்து வந்த ஓராவோன் பழங்குடிப் பெண்ணாக இருக்கலாம். லைன் சூப்பர்வைசர் அவளிடம் தெரிந்த இந்தியில் ஏதோ சொல்வார். ‘இந்திக்காரப் பொண்ணு’ என்று அவளுக்குப் பெயர். ஆனால் அவள் தாய்மொழி குடுக். கால்டுவெல் பட்டியலில் இருந்த அதே ஓராவோன் மொழிதான். தன் ஊர்த் தோழியோடு அவள் பேசும்போது, ‘நான்’ என்பதற்கு ‘ஏன்’, ‘நீ’ என்பதற்கு ‘நீன்’, பல்லுக்குப் ‘பல்’. கேட்பவரையும் சேர்த்துச் சொல்லும்போது ‘நாம்’, சேர்க்காதபோது ‘ஏம்’. சங்க இலக்கியத்து ‘யாம், நாம்’ வேறுபாடு அப்படியே நிற்கிறது. மூன்றை ‘மூந்த்’ என்று எண்ணுவாள்; ஐந்திலிருந்து வடமொழிக் குடும்பத்து எண்களுக்கு மாறிவிடுவாள்.

2011 கணக்கெடுப்பின்படி குடுக் பேசுவோர் சுமார் 20 லட்சம், கோண்டி பேசுவோர் சுமார் 30 லட்சம், ஒடிசாவின் கந்தமால் மலைகளில் ஒலிக்கும் கூயி 9 லட்சத்துக்கு மேல். அரசியலமைப்பின் எட்டாம் அட்டவணையில் 22 மொழிகள். அவற்றில் திராவிட மொழிகள் நான்கே. இந்த மூன்றும் அதில் இல்லை. திராவிட நாடு பேசிய காலத்தில்கூட இந்த உறவினரை யாரும் பந்திக்கு அழைத்ததில்லை. பெரிய நான்கு மொழிகளுக்குள் யார் மூத்தவர் என்ற பேச்சிலேயே நம் கவனமெல்லாம் போயிற்று.

குப்பத்தில் 1997 முதல் திராவிடப் பல்கலைக்கழகம் இருக்கிறது; திருவனந்தபுரத்தில் வ.அய். சுப்பிரமணியம் வளர்த்த திராவிட மொழியியல் பள்ளி இருக்கிறது. அங்கே ஆய்வு செய்வோர் குடுக் பேசுவோரைத் தேடி ராஞ்சிக்கு ரயில் ஏறுகிறார்கள். திருப்பூரின் விடுதிகளில் அந்த மொழி தினமும் ஒலிக்கிறது. இவ்வூர்த் தமிழ்ச் சங்கங்களும் கல்லூரித் தமிழ்த் துறைகளும் ஞாயிற்றுக்கிழமைகளில் அந்தப் பெண்களோடு உட்கார்ந்து ஒரு தமிழ்–குடுக் சொற்பட்டியலைத் தொகுக்கலாம். ஷிப்ட், கூலி, காய்ச்சல், விடுப்பு, ஊருக்குப் போக வேண்டும் என்பவற்றிலிருந்து தொடங்கலாம். பனியன் கம்பெனிகள் அதை அச்சிட்டு லைனுக்கு ஒன்றாகக் கொடுக்கலாம். குடும்பத்தோடு வந்தவர்களின் குழந்தைகள் மாநகராட்சிப் பள்ளியில் சேரும்போது ஆசிரியர் கையிலும் அது இருக்க வேண்டும்.