ஊழை நெய்பவர் யார்?



சென்னையிலிருந்து கும்மிடிப்பூண்டி செல்லும் இரயிலில் ஏறி, பொன்னேரியில் இறங்கிக் கிழக்கே சென்றால், ஏரிக்கும் கடலுக்கும் இடையே பழவேற்காடு என்னும் ஊரைக் காணலாம். அங்குள்ள டச்சுக்காரர் கல்லறைத் தோட்டத்தின் வாயிலில் எலும்புக்கூட்டு உருவங்களைக் கல்லிற் செதுக்கி நிறுத்தியிருக்கின்றனர். அவற்றின் முன் நான் நின்றபோது, காலத்தின் கையில் மனிதன் எத்துணைச் சிறியவன் என்ற எண்ணம் தோன்றிற்று. அதனோடு, அவன் ஊழை நெய்பவர் யார் என்ற வினாவும் எழுந்தது.

பழங்கால மக்கள் பலர் இவ்வினாவுக்கு விடையைக் கதிரிலும் தறியிலும் தேடினர். கிரேக்கர் மூன்று தேவியரைக் கற்பித்தனர். குளோதோ என்பவள் உயிரின் நூலை நூற்பாள்; லாக்கெசிஸ் அதனை அளப்பாள்; அத்ரோபோஸ் அறுப்பாள். நம் நாட்டு மகாபாரதத்தின் ஆதிபருவத்திலும் இத்தகைய காட்சி ஒன்று உண்டு. இழந்த குண்டலங்களைத் தேடி நாகலோகம் புகுந்த உதங்கன், இரு பெண்டிர் கருநூலும் வெண்ணூலும் கொண்டு ஆடை நெய்யக் கண்டான். பன்னிரண்டு ஆரங்களையுடைய சக்கரம் ஒன்றை ஆறு சிறுவர் சுழற்றக் கண்டான். பெண்டிர் தாதா, விதாதா என்றும், நூல்கள் இரவும் பகலும் என்றும், சக்கரம் ஆண்டென்றும், சிறுவர் பருவங்கள் என்றும் ஆசான் அவனுக்கு விளக்கினார். நெசவும் ஊழும் காலமும் ஒரே காட்சியில் இணைந்தமை வியப்பன்றோ?

ஆனால், தறியில் அமர்ந்து உழைத்தவர்கள் தமக்கெனப் போற்றிய தெய்வம் வேறு வகையினது. தேவாங்கர் மரபுக் கதையைக் கேளுங்கள். உலகோர்க்கு ஆடை நெய்யத் தோன்றிய தேவலர், திருமாலின் உந்தித் தாமரையினின்று நூல் பெற்று மீள்கையில் அசுரர் சூழ்ந்தனர். சௌடேசுவரி அம்மன் தோன்றி அவர்களை அழித்து அவரையும் நூலையும் காத்தாள். இத்தெய்வம் நூலை அறுப்பதில்லை, காக்கின்றது. ஊழைக் கண்டு அஞ்சியவன் அறுப்பவளைக் கற்பித்தான். உழைத்தவன் காப்பவளை வணங்கினான் என்று நான் கருதுகிறேன்.

இனி வரலாற்றுக்கு வருவோம். 1610இல் விசயநகர வேந்தரின் இசைவு பெற்று டச்சுக்காரர் பழவேற்காட்டில் காலூன்றினர். பின்னர் கெல்டிரியா என்னும் கோட்டையை எழுப்பினர். அவர்கள் நாடியது மொலுக்கஸ் தீவுகளின் கிராம்பும் சாதிக்காயும். அவற்றைப் பெற அத்தீவினர்க்குக் கொடுக்க ஏற்ற பண்டம் சோழமண்டலக் கரையின் துணியே. ஆகவே, இக்கரையின் குழித்தறிகளில் நெய்த துணி கடல் கடந்தது. மலாய் மக்கள் இன்றும் ஒருவகைக் கட்டமிட்ட கைலியைக் 'காயின் பெலெகாட்' என்பர். 'பெலெகாட்' என்பது பழவேற்காட்டின் பெயரே. ஊரைக் காணாத மக்களும் அதன் பெயரை இடையில் உடுத்தினர்!

இப்பெருமையை ஈட்டிய நெசவாளன் நிலை யாது? வணிகர் வழியே அவனுக்கு முன்பணம் வந்தது. அப்பணத்தை வாங்கிய கை, குறித்த துணியைக் குறித்தவாறு தரக் கடமைப்பட்டது. அளவு குறைந்தால் விலையும் குறைந்தது. 1690இல் டச்சுக்காரர் தம் தலைமையிடத்தை நாகப்பட்டினத்திற்கு மாற்றினர். பழவேற்காட்டின் சிறப்புத் தேய்ந்தது. 1825இல் அவ்வூர் ஆங்கிலேயர் வசமாயிற்று. அந்நூற்றாண்டில் இங்கிலாந்தின் ஆலைத்துணி இந்நாட்டில் வந்து குவிந்தது. தறிகள் பல ஓய்ந்தன.

வேலையிழந்த குடும்பங்கள் இதனைத் தலைவிதி என்று சொல்லியிருக்கக்கூடும். ஆயின், இங்கே நூலை அளந்தவர் லாக்கெசிஸ் அல்லர். அறுத்தவர் அத்ரோபோசும் அல்லர். கணக்கேட்டின் முன் அமர்ந்த மனிதரே அளந்தனர். மனிதர் வகுத்த வணிக முறையே அறுத்தது. மனிதர் செய்ததை ஊழ் செய்ததென்று நம்பினால், அதனை மாற்றும் வழி அடைபட்டுவிடும். அதனாலேதான் வரலாறு கற்க வேண்டும் என்கிறேன். 1935இல் கைத்தறி நெசவாளர் கூட்டுறவுச் சங்கமாகிய கோ-ஆப்டெக்ஸ் தோன்றியபோது, சந்தையின் நூலைத் தாமும் பற்றலாம் என்பதை நெசவாளர் உணர்ந்தனர்.

திருவள்ளுவரை நெசவுத் தொழிலர் என்று மரபு கூறும். அவர் ஊழுக்கு ஓர் அதிகாரம் வகுத்தார். ஆள்வினையுடைமைக்கும் ஓர் அதிகாரம் வகுத்தார். தறியைப் பார்த்தால் இவ்விரண்டும் முரண்படாமை விளங்கும். பாவு, நெய்வான் அமருமுன்பே நீட்டி இறுக்கப்பட்டது. நாம் பிறந்த காலமும் இடமும் அத்தகையன. ஊடை, நாடாவை எறியும் ஒவ்வொரு முறையும் அவன் கையால் இடப்படுவது. பாவு மட்டும் துணியாகாது.

திருவள்ளூர் மாவட்டத்தின் பொதட்டூர்ப்பேட்டை, பள்ளிப்பட்டுப் பகுதிகளில் இன்றும் தறியோசை கேட்கின்றது. கும்மிடிப்பூண்டித் தொழிற்பேட்டையிலோ, ஆலையின் முறைநேரம் தொழிலாளரின் பகலையும் இரவையும் பகுக்கின்றது. உதங்கன் கண்ட கருநூலும் வெண்ணூலும் அங்கும் ஓடிக்கொண்டிருக்கின்றன. நாளை அவ்வாலைகளில் பணிபுரியவும் அவற்றை நடத்தவும் போகிறவர்கள் நீங்களே. பாவு உங்களுக்கு முன்பே விரிக்கப்பட்டுவிட்டது; நாடாவோ உங்கள் கையில் இருக்கின்றது.