நாடகத்துக்குப் பூட்டிய விலங்கு

1954, ஜனவரி 4. செங்கற்பட்டில் ஒரு குழந்தை பிறந்தது. அதே ஆண்டில் சென்னைச் சட்டமன்றத்தில் ஒரு சட்டம் பிறந்தது. குழந்தை வளர்ந்தது, செய்தியாளனாயிற்று, சென்னைக் கே.கே. நகரில் குடியமர்ந்து நாடகம் போட்டது. சட்டமோ கோட்டையிலிருந்தபடியே நாடகக்காரர்களைக் கண்காணித்துக் கொண்டிருந்தது. 59 ஆண்டுகள் கழிந்தபின், 2013இல், உயர்நீதிமன்றத்தில் இரண்டிலொன்று வீழ்ந்தது. வீழ்ந்தது சட்டம்! வீழ்த்தியவர் 'பரீக்ஷா' நாடகக் குழுவின் நடிகரும் இயக்குநருமான ஞாநி. அந்தக் கதையைத்தான் இங்கே சொல்ல வந்தோம். ஆனால், அதற்கு முன் சிந்தாதிரிப்பேட்டைக்குச் சென்றுவர வேண்டும்.

சிந்தாதிரிப்பேட்டையில் 1907இல் பிறந்தவர் எம்.ஆர். ராதா. சிறுவயதிலேயே வீட்டைவிட்டு ஓடி, பாய்ஸ் கம்பெனிகளில் சேர்ந்து, பசியும் பிரம்படியும் பாடமாகக் கற்றவர். பள்ளிப் படிப்பு இல்லை. ஆயினும், பல்கலைக் கழகத்தார் எண்ணிப் பார்க்கவும் அஞ்சியதை அவர் மேடையிலே பேசினார்! திருவாரூர் கே. தங்கராசு தீட்டிய 'இரத்தக் கண்ணீர்' என்ன காட்டிற்று? வெளிநாடு சென்று திரும்பிய செல்வன், செருக்கால் சீரழிந்து, தொழுநோயால் உருக்குலைகிறான். இறுதியில், தான் வாழவிடாத மனைவியைத் தன் நண்பனுக்கே மணம் முடித்துவைக்கிறான். கைம்பெண் மறுமணத்துக்கே கதவடைத்திருந்த நாட்டில், கணவன் உயிரோடிருக்கும்போதே மனைவிக்கு மறுமணம்! கொட்டகையிலிருந்தோர் காதைப் பொத்திக்கொள்ளவில்லை, கைதட்டினர். அதே 1954இல் அது திரைப்படமாகவும் வந்தது.

கைதட்டல் கேட்டால் கலைஞனுக்கு மகிழ்ச்சி. ஆளவந்தாருக்கோ அச்சம். இராமாயணத்தை எடுத்துக்கொண்டு ராதா மேடையேறியபோது, 'கீமாயணம்' என்று ஊரே பேர் சொன்ன அந்த நாடகத்தின்போது, அச்சம் சட்டமாக உருக்கொண்டது. வால்மீகியின் நூலில் உள்ளதைத்தானே காட்டுகிறேன் என்பது அவர் வாதம். மனம் புண்படும் என்போர் வரவேண்டாம் என்று விளம்பரத்திலேயே அறிவித்தார். வராதவனுக்கு எப்படி மனம் புண்படும் என்ற எளிய கேள்விக்கு விடை சொல்வாரில்லை. விடைக்குப் பதில் வந்தது 1954ஆம் ஆண்டு நாடக நிகழ்ச்சிச் சட்டம்.

அச்சட்டத்தின் வேலைமுறை என்ன? 'ஆட்சேபத்துக்குரிய நாடகம்' எது என்று ஒரு நீண்ட விளக்கம். மதத்தைப் பழிப்பது, அருவருப்பானது, ஆட்சிக்கு எதிராகத் தூண்டுவது என்று வலை அகல விரிக்கப்பட்டது. எந்த மீனும் தப்பாதபடி! நாடகத்தைத் தடுக்க அரசுக்கு அதிகாரம். நகரத்தில் போலீஸ் கமிஷனருக்கும் மாவட்டத்தில் கலெக்டருக்கும் தற்காலிகத் தடை போடும் அதிகாரம். நாடகப் பிரதியைக் கொண்டுவா என்று கேட்கும் அதிகாரம் வேறு. கவிதை எழுதுவோன் காவல்நிலையம் போக வேண்டியதில்லை. கதை எழுதுவோனும் போக வேண்டியதில்லை. நாடகக்காரன் மட்டும் போக வேண்டும். ஏன்? எழுத்தறியாதவனுக்கும் எட்டுவது நாடகம். அதுதான் குற்றம்!

இந்த அறிவு காங்கிரசாரின் சொந்த அறிவுமன்று. கடன் வாங்கியது. 1876இல் கல்கத்தாவில் வேல்ஸ் இளவரசர் வருகையை ஒட்டி, ஒரு வழக்கறிஞர் வீட்டு உபசாரத்தைக் கேலி செய்து கிரேட் நேஷனல் தியேட்டர் நாடகம் போட்டது. வைசிராய் நார்த்புரூக் முதலில் அவசரச் சட்டம் போட்டார். ஆண்டு முடிவதற்குள் அது நிலையான சட்டமாயிற்று. அந்த வெள்ளையர் ஆட்சியில், மேடையில் தேசப்பாட்டுப் பாடியதற்காக நம் விசுவநாத தாஸ் மீண்டும் மீண்டும் சிறை புகுந்தார். 1940 டிசம்பர் 31இல் சென்னையில் முருகன் வேடத்தோடு மேடையிலேயே உயிர் நீத்தார். அவரைத் தியாகி என்று போற்றியவர்களே, நாற்காலி கிடைத்தபின், வெள்ளையன் விட்டுச்சென்ற விலங்கைத் துடைத்துத் துலக்கி ராதாவுக்குப் பூட்டினர். விந்தையன்றோ!

ராதா அடங்கினாரா? ஒரு பெயரில் தடை என்றால் மறுநாள் வேறு பெயரில் ஆடினார் என்பது நாடறிந்த செய்தி. 1967இல் எம்.ஜி.ஆரைச் சுட்ட வழக்கில் அவர் சிறை சென்றதை நாம் மறைக்க வேண்டியதில்லை. மேடையில் அவர் செய்ததை அது அழித்துவிடவும் இல்லை. 1979 செப்டம்பர் 17, பெரியார் பிறந்தநாளன்று, அவர் மறைந்தார்.

இனிச் சொல்வது கசப்பு. எனினும் சொல்லத்தான் வேண்டும். 1967இல் கோட்டைக்குள் நுழைந்தவர் யார்? 'சந்திரோதயம்' தீட்டிய அண்ணா. 'சிவாஜி கண்ட இந்து ராஜ்யம்' எழுதி, அதில் தாமே வேடமும் புனைந்த அண்ணா. அவருக்குப்பின் வந்தவர், ராதாவுக்காகத் 'தூக்குமேடை' எழுதிய கலைஞர். நாடகத்தால் வளர்ந்து நாடாண்டவர்கள் நம்மவர்கள். சுயமரியாதைத் திருமணம் சட்டமாயிற்று. சென்னை மாநிலம் தமிழ்நாடாயிற்று. நாடகச் சட்டம் என்னாயிற்று? பெயர் மட்டும் மாறிற்று: சென்னைச் சட்டம் என்றிருந்தது தமிழ்நாட்டுச் சட்டமாயிற்று! விலங்குக்குத் தமிழ்ப்பெயர் சூட்டிவிட்டால் அது வளையலாகிவிடுமா? எம்.ஜி.ஆர். நடிகர், அவர் ஆட்சியிலும் அது இருந்தது. பின்வந்தோர் ஆட்சியிலும் இருந்தது. எதிர்க்கட்சியாயிருக்கையில் கசக்கும் அதிகாரம் ஆளுங்கட்சியானால் இனிக்கிறது போலும்.

இங்கேதான் ஞாநி வருகிறார். சங்கரன் என்பது இயற்பெயர். 'இந்தியன் எக்ஸ்பிர'சில் செய்தியாளராயிருந்தவர், 1978இல் பரீக்ஷாவைத் தொடங்கினார். இந்திரா பார்த்தசாரதி, ந. முத்துசாமி, வங்கத்துப் பாதல் சர்க்கார் ஆகியோர் நாடகங்களைத் தமிழ் மேடைக்குத் தந்தது அக்குழு. மயிலாப்பூர், தியாகராய நகர் சபாக்களிலே சிரிப்புத் துணுக்குகள் வரிசைகட்டி நின்ற காலத்தில், சிந்திக்கச் சொன்னது. 'தீம்தரிகிட' என்றோர் ஏடும் நடத்தினார். பெரியாரைப் பற்றி 'அய்யா' என்ற தொலைக்காட்சிப் படம் எடுத்தார். எந்தக் கட்சித் தலைவரையும் கேள்வி கேட்பார், நம்மவரையும் விட்டுவைத்ததில்லை. அவர் வீட்டுக் கிணற்றடியில் கூடிய இலக்கியக் கூட்டத்துக்குக் 'கேணி' என்றே பெயர். அங்கே அனுமதி கேட்பாரில்லை. அரங்கிலோ அனுமதி வேண்டும். போலீஸ் அனுமதி எங்கே என்பது அரங்கக்காரர் வழக்கமாகக் கேட்கும் கேள்வி. அனுமதி வாங்கி நாடகம் போடுவோர் பலர். அனுமதி எதற்கு என்று வழக்குப் போட்டவர் அவர்.

பேச்சுரிமைக்கும் சமத்துவத்துக்கும் முரணானவை என்று அச்சட்டத்தின் முக்கியப் பிரிவுகளை 2013இல் சென்னை உயர்நீதிமன்றம் செல்லாதவையாக்கியது. களிப்போடு ஒரு கணக்கும் நம் மனத்தில் எழுந்தது. 1876ஆம் ஆண்டுச் சட்டம் அரசியல் சட்டத்துக்கு ஒவ்வாது என்று அலகாபாத் உயர்நீதிமன்றம் 1956லேயே தீர்ப்பளித்துவிட்டது. பிரேம்சந்தின் 'ஈத்கா' கதையை லக்னோவில் மேடையேற்றிய மக்கள் நாடக மன்றத்தார்மீது போடப்பட்ட வழக்கு அது. வடக்கே 1956, பகுத்தறிவுக்குப் பாசறை என்று நாம் மார்தட்டும் தெற்கே 2013. இடையே 57 ஆண்டுகள்! அவற்றுள் நம்மவர் நாற்காலியிலிருந்த ஆண்டுகளைத் தோழர்கள் கூட்டிப் பார்க்கட்டும்.

1876ஆம் ஆண்டு மூலச் சட்டத்தை ஏட்டிலிருந்து நீக்கும் நடுவண் சட்டம் 2018 ஜனவரியில்தான் ஒப்புதல் பெற்றது. அதே திங்கள் 15ஆம் நாள் ஞாநி மறைந்தார். சடங்கு இல்லை. அவர் விருப்பப்படி உடல் சென்னை மருத்துவக் கல்லூரிக்கு ஒப்படைக்கப்பட்டது.